2 வருஷம் பிரிஞ்சு இருந்தாலே விவாகரத்து கிடைச்சிடுமா? 'கைவிடுதல்' பற்றி சட்டம் சொல்வது என்ன?

"ரெண்டு வருஷமா தனித்தனியாதான் இருக்கோம். அப்போ எங்க கல்யாணம் தானாவே ரத்து ஆகிடும்தானே?"

விவாகரத்து பேச்சு வந்தாலே பலரும் கேட்கும் கேள்வி இது. ஒரே வரியில் பதில் சொல்வதென்றால், ஆகாது. 2 வருஷம் இல்லை, 20 வருஷம் பிரிந்து வாழ்ந்தாலும் நீதிமன்றம் தீர்ப்பு சொல்லாத வரை சட்டத்தின் கண்ணில் அவர்கள் கணவன் மனைவிதான்.

இது தெரியாமல் இரண்டாவது திருமணம் செய்துவிட்டு வழக்கில் சிக்குபவர்கள் இருக்கிறார்கள். இன்னொரு பக்கம், அடி உதை தாங்காமல் தாய்வீட்டுக்கு வந்த பெண்கள், "வீட்டை விட்டு வந்தது நாம்தானே, கோர்ட்டுக்குப் போனா நம்ம மேலதான் தப்புன்னு சொல்லுவாங்க" என்று பயந்தே ஜீவனாம்சம்கூட கேட்காமல் இருந்துவிடுகிறார்கள். இந்த இரண்டுமே தவறான புரிதல். சட்டம் உண்மையில் என்ன சொல்கிறது? ஒவ்வொன்றாகப் பார்க்கலாம்.

கைவிடுதல் என்றால் என்ன?

ஆங்கிலத்தில் 'டெசர்ஷன்' என்று வக்கீல்கள் சொல்வதைத்தான் தமிழில் கைவிடுதல் என்கிறோம். இந்து திருமணச் சட்டம் 1955-ன் 13(1) பிரிவில் (ஐ-பி) என்ற உட்பிரிவு இதைப் பற்றிப் பேசுகிறது. வழக்கு தாக்கல் செய்யும் நாளுக்கு முன்பு, தொடர்ச்சியாக 2 ஆண்டுகளுக்குக் குறையாமல் ஒருவர் தன் துணையைக் கைவிட்டிருந்தால், கைவிடப்பட்டவர் விவாகரத்து கேட்கலாம்.

சட்டம் வந்தபோது இது விவாகரத்துக்கான காரணமாக இல்லை. நீதிமன்றம் மூலம் பிரிந்து வாழ அனுமதி வாங்க மட்டுமே பயன்பட்டது. 1976-ல் கொண்டுவந்த திருத்தத்துக்குப் பிறகுதான் விவாகரத்துக்கே இது ஒரு காரணமாகச் சேர்க்கப்பட்டது.

அந்தப் பிரிவிலேயே ஒரு விளக்கமும் இருக்கிறது. நியாயமான காரணம் இல்லாமல், துணையின் சம்மதம் இல்லாமல் அல்லது விருப்பத்துக்கு எதிராக விட்டுப் போவதுதான் கைவிடுதல். வேண்டுமென்றே துணையைக் கண்டுகொள்ளாமல் புறக்கணிப்பதும் இதில் அடங்கும்.

கணவன், மனைவி இருவருக்குமே இது பொருந்தும். மனைவி விட்டுப் போனால் கணவரும், கணவர் விட்டுப் போனால் மனைவியும் வழக்கு போடலாம்.

நீதிமன்றம் பார்க்கும் 4 விஷயங்கள்

'தனித்தனியா இருக்காங்க' என்று சொன்னால் மட்டும் போதாது. பொதுவாக நான்கு விஷயங்களை நீதிமன்றம் பார்க்கும்.

1. இருவரும் உண்மையிலேயே பிரிந்து வாழ்கிறார்களா?

2. விட்டுப் போனவருக்கு இந்த உறவை நிரந்தரமாக முறித்துக்கொள்ளும் எண்ணம் இருந்ததா?

3. விடப்பட்டவர் அதற்குச் சம்மதிக்காமல் இருந்தாரா?

4. விட்டுப் போகும்படியான நியாயமான காரணத்தை விடப்பட்டவர் கொடுக்காமல் இருந்தாரா?

முதல் இரண்டும் போனவரைப் பற்றியவை. அடுத்த இரண்டும் வழக்கு போட்டவரைப் பற்றியவை. நான்கையும் நிரூபிக்க வேண்டிய பொறுப்பு வழக்கு போட்டவருக்குத்தான். இதில் ஒன்று இடறினாலும் வழக்கு நிற்காது.

ஒரு தந்தியால் தோற்ற வழக்கு

இந்த நான்கு விஷயங்களையும் உச்ச நீதிமன்றம் தெளிவாக வகுத்துச் சொன்னது 1956-ல். பம்பாய் மாகாணத்திலிருந்து வந்த வழக்கு அது. அப்போது அங்கே அமலில் இருந்த 1947-ஆம் ஆண்டு விவாகரத்துச் சட்டத்தின் கீழ் கணவர் வழக்கு போட்டிருந்தார்.

கணவர் வெளிநாடு போயிருந்த நேரத்தில் மனைவி வேறொருவருக்குக் கடிதம் எழுதினார் என்பதில் பிரச்னை தொடங்கியது. 1947 மே மாதம் மனைவி தாய்வீடு போனார். 'என்னை விட்டுப் போய்விட்டார்' என்பது கணவர் தரப்பு வாதம். ஆனால் பெண் வீட்டார் அவரைத் திரும்ப அனுப்பிவைக்க முயற்சி எடுத்தபோது, 'அனுப்ப வேண்டாம்' என்று கணவரிடமிருந்து தந்தி போனது.

அந்தத் தந்தியும், அதற்கு முன்பு அவர் அனுப்பிய வக்கீல் நோட்டீஸும் நீதிமன்றத்தில் அவருக்கு எதிராகவே திரும்பின. மனைவி மேல் தவறு இருந்திருக்கலாம், வெட்கத்தாலோ பயத்தாலோ அவர் கிளம்பிப் போயிருக்கலாம். அதனால் மட்டும் உறவை நிரந்தரமாக முறிக்கும் எண்ணம் அவருக்கு இருந்தது என்று ஆகிவிடாது. திரும்பி வர வழி இல்லாமல் செய்தது கணவர்தான் என்று உச்ச நீதிமன்றம் பார்த்தது. கணவர் தோற்றார்.

கைவிடுதல் வழக்குகளில் இன்றைக்கும் மேற்கோள் காட்டப்படும் தீர்ப்பு இது. அன்றைக்குத் தந்தி, இன்றைக்கு வாட்ஸ்அப் மெசேஜ். "இனிமே இந்த வீட்டு வாசப்படி மிதிக்காதே" என்று கோபத்தில் அனுப்பிய ஒரு வரி, நாளைக்கு கோர்ட்டில் ஆவணமாக வந்து நிற்கும்.

வீட்டை விட்டுப் போனவர்தான் கைவிட்டவரா?

இல்லை. இதைத்தான் பலர் தப்பாகப் புரிந்து வைத்திருக்கிறார்கள்.

யார் பெட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்பினார்கள் என்பதை மட்டும் சட்டம் பார்ப்பதில்லை. ஏன் கிளம்ப வேண்டி வந்தது என்றும் பார்க்கிறது. கணவர் குடித்துவிட்டு அடிக்கிறார், வரதட்சணை கேட்டு மாமியார் வீட்டில் கொடுமை, உயிருக்கே பயம் என்று ஒரு பெண் வெளியேறினால், அது நியாயமான காரணம். அப்படிப்பட்ட நேரத்தில், விரட்டியவர்தான் கைவிட்டவர். அதாவது, வீட்டிலேயே உட்கார்ந்திருக்கும் கணவர்தான் சட்டப்படி மனைவியைக் கைவிட்டவர் ஆவார். ஆண்களுக்கும் இதே விதிதான்.

வளைகாப்பு முடிந்து பிரசவத்துக்குத் தாய்வீடு போன பெண்ணை எடுத்துக்கொள்ளுங்கள். குழந்தை பிறந்து மாதங்கள் ஓடுகின்றன. கணவர் வந்து பார்க்கவில்லை, போன் எடுக்கவில்லை, கூட்டிப் போகவும் வரவில்லை. இங்கே அந்தப் பெண் 'விட்டுப் போனவர்' இல்லை. சம்மதத்தோடு போனவரைத் திரும்ப அழைக்காமல் புறக்கணித்தது கணவர்.

ஒரே வீட்டில் இருந்துகொண்டே கைவிடவும் முடியும். கைவிடுதல் என்பது ஒரு இடத்தை விட்டுப் போவது அல்ல, திருமண வாழ்க்கையின் கடமைகளை விட்டுப் போவது என்பதுதான் நீதிமன்றங்களின் நிலைப்பாடு. ஆனால் ஒரே கூரையின் கீழ் இருந்தால் அதை நிரூபிப்பது ரொம்பவே கஷ்டம்.

எதெல்லாம் கைவிடுதல் ஆகாது?

* வேலைக்காக கணவர் துபாயிலோ சிங்கப்பூரிலோ இருக்கிறார், பணம் அனுப்புகிறார், பேசுகிறார். இது கைவிடுதல் இல்லை. அதே கணவர் வருஷக்கணக்கில் பணமும் அனுப்பாமல், தொடர்பையும் துண்டித்துவிட்டால் கதை வேறு.

* பெரியவர்கள் முன்னிலையில் பேசி, "கொஞ்ச நாள் தனியா இருங்க" என்று இரண்டு பேரும் ஒத்துக்கொண்டு பிரிந்தது. இங்கே சம்மதம் வந்துவிட்டது.

* சண்டை போட்டுக் கோபத்தில் அம்மா வீட்டுக்குப் போய், சமாதானம் ஆகி வர நினைப்பது. நிரந்தரமாக முறிக்கும் எண்ணம் இல்லாததால் இதுவும் கைவிடுதல் ஆகாது.

* உடல்நலக் குறைவு, படிப்பு, வயதான பெற்றோரைப் பார்த்துக்கொள்வது போன்ற காரணங்களுக்காக இருவருக்கும் தெரிந்தே பிரிந்து இருப்பது.

2 ஆண்டு கணக்கு எப்படி?

பிரிந்து வாழ்வதும், உறவை முறிக்கும் எண்ணமும் ஒன்றாகச் சேரும் நாளில்தான் கணக்கு தொடங்கும். பிரசவத்துக்குப் போன மனைவி ஆறு மாதம் கழித்து "இனி வரமாட்டேன்" என்று முடிவெடுத்தால், அந்த முடிவெடுத்த நாளிலிருந்துதான் எண்ண வேண்டும்.

2 ஆண்டும் தொடர்ச்சியாக இருக்க வேண்டும். ஒரு வருஷம் பிரிவு, நடுவில் சேர்ந்து வாழ்க்கை, மறுபடி ஒரு வருஷம் பிரிவு என்றால் கூட்டிக் கணக்குப் போட முடியாது.

நடுவில் விசேஷத்துக்கு வந்து போனால்? 2022 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்த அசாம் தம்பதி வழக்கில் இந்தக் கேள்வி வந்தது. பிரிந்து போன மனைவி, மாமியார் இறந்தபோது வந்து ஒரே ஒரு நாள் மட்டும் தங்கிவிட்டுப் போயிருந்தார். சேர்ந்து வாழும் எண்ணத்தோடு வந்ததாக அதை எடுத்துக்கொள்ள முடியாது என்று நீதிமன்றம் சொல்லி, கைவிடுதல் அடிப்படையில் விவாகரத்து வழங்கியது. துக்கத்துக்கு வந்து போவது வேறு, சேர்ந்து வாழ வருவது வேறு.

விட்டுப் போனவர் மனதார "திரும்பி வரேன்" என்று சொன்னால் அதற்கு மதிப்பு உண்டு. காரணமே இல்லாமல் அதை மறுத்தால், மறுத்தவரே கைவிட்டவராக மாறிவிடும் ஆபத்து இருக்கிறது. கேஸிலிருந்து தப்பிக்க மட்டும் சொன்ன வார்த்தையா, நிஜமாகவே வர நினைத்தாரா என்பதை நீதிமன்றம் பார்க்கும்.

எந்தச் சட்டத்தில் எவ்வளவு காலம்?

இந்து திருமணச் சட்டம்: 2 ஆண்டுகள். பௌத்தர், சமணர், சீக்கியருக்கும் இதே சட்டம்தான். தமிழ்நாட்டில் புரோகிதர் இல்லாமல் நடக்கும் சுயமரியாதைத் திருமணங்களும் 1967 திருத்தத்தால் சேர்க்கப்பட்ட 7-ஏ பிரிவின்படி இந்தச் சட்டத்துக்குள் வருகின்றன. "அய்யர் வச்சுப் பண்ணல, மாலை மாத்திக்கிட்டதுதானே" என்று யாரும் தட்டிக்கழிக்க முடியாது.

சிறப்புத் திருமணச் சட்டம் 1954: பதிவுத் திருமணமாக இந்தச் சட்டத்தின் கீழ் மணந்தவர்களுக்கும் 2 ஆண்டுகள்.

கிறிஸ்தவர்கள்: விவாகரத்துச் சட்டம் 1869-ன் கீழ் 2 ஆண்டுகள். 2001 திருத்தத்துக்கு முன்பு நிலைமை மோசம். கணவர் கைவிட்டுவிட்டார் என்பது மட்டும் மனைவிக்குப் போதாது, அவருக்கு வேறு பெண்ணோடு தொடர்பு இருந்தது என்றும் சேர்த்து நிரூபிக்க வேண்டியிருந்தது. திருத்தம் வந்தபின் அந்தப் பாகுபாடு நீங்கியது.

முஸ்லிம் பெண்கள்: 1939-ஆம் ஆண்டு முஸ்லிம் திருமண ரத்துச் சட்டத்தில் 'கைவிடுதல்' என்ற சொல்லுக்குப் பதில் வேறு காரணங்கள் இருக்கின்றன. கணவர் 4 ஆண்டுகளாக எங்கே இருக்கிறார் என்றே தெரியாமல் இருப்பது, 2 ஆண்டுகள் பராமரிப்புச் செலவு தராமல் இருப்பது, 3 ஆண்டுகள் நியாயமான காரணமின்றித் திருமணக் கடமைகளைச் செய்யாமல் இருப்பது. இதில் எதைக் காட்டியும் மனைவி நீதிமன்றம் போகலாம்.

வழக்கு எங்கே போடுவது?

குடும்ப நீதிமன்றத்தில். அது இல்லாத ஊர்களில், இந்து திருமணச் சட்ட வழக்குகள் சார்பு நீதிமன்றத்தில், அதாவது சப் கோர்ட்டில் தாக்கலாகும்.

இந்து திருமணச் சட்டப்படி, திருமணம் நடந்த ஊர், எதிர்த்தரப்பு வசிக்கும் ஊர், இருவரும் கடைசியாகச் சேர்ந்து வாழ்ந்த ஊர் ஆகியவற்றில் ஒன்றில் வழக்கு போடலாம். மனைவி வழக்கு போட்டால், அவர் இப்போது வசிக்கும் ஊரிலேயே போட முடியும். இது 2003-ல் வந்த சலுகை. கோயம்புத்தூரில் வாழ்க்கைப்பட்டு, இப்போது திருநெல்வேலியில் தாய்வீட்டில் இருக்கும் பெண், வாய்தாவுக்கு வாய்தா கோவைக்கு பஸ் ஏற வேண்டியதில்லை.

வழக்கு எடுத்ததும் நேராக விசாரணை தொடங்கிவிடாது. முதலில் கவுன்சிலிங், சமரச முயற்சி நடக்கும். நோட்டீஸ் போய்ச் சேர்ந்த நாளிலிருந்து 6 மாதத்துக்குள் விசாரணையை முடிக்க முயல வேண்டும் என்று சட்டம் சொன்னாலும், எதிர்ப்புள்ள வழக்குகள் வருஷக்கணக்கில் இழுப்பதுதான் நடைமுறை.

எதிர்த்தரப்பு நோட்டீஸை வாங்காமல் டிமிக்கி கொடுத்தால், நீதிமன்ற அனுமதியோடு நாளிதழில் விளம்பரம் கொடுக்கலாம். அப்படியும் வரவில்லை என்றால், ஒருதலைப்பட்சமாக, அதாவது 'எக்ஸ்பார்ட்டி'யாக தீர்ப்பு வரும். அதனால் உங்களுக்கு நோட்டீஸ் வந்தால் கிழித்துப் போட்டுவிட்டு உட்கார்ந்திருக்காதீர்கள். நீங்கள் இல்லாமலேயே வழக்கு முடிந்துவிடும்.

என்னென்ன ஆதாரம் வேண்டும்?

* திருமணப் பதிவுச் சான்று, இல்லையென்றால் பத்திரிகை, போட்டோ
* பிரிந்த தேதியைக் காட்டும் ஆவணங்கள்: வாடகை ஒப்பந்தம், முகவரி மாற்றம், பயண டிக்கெட்
* சேர்ந்து வாழ அழைத்து அனுப்பிய கடிதம், வக்கீல் நோட்டீஸ், அதற்கு வந்த பதில்
* மெசேஜ், இமெயில், போன் அழைப்பு விவரம்
* போலீஸ் புகார் கொடுத்திருந்தால் அதன் மனு ரசீது, காயம் பட்டிருந்தால் மருத்துவமனைப் பதிவு
* பேச்சுவார்த்தைக்குப் போன உறவினர், அக்கம்பக்கத்தினர் சாட்சி

வாட்ஸ்அப் ஸ்கிரீன்ஷாட்டை மட்டும் பிரின்ட் எடுத்துக் கொடுத்தால், எதிர்த்தரப்பு ஆட்சேபிக்க வாய்ப்புண்டு. பாரதிய சாட்சிய சட்டம் 63-ஆவது பிரிவின் கீழ் சான்றிதழ் இணைப்பது பாதுகாப்பு. பழைய போனைத் தூக்கிப் போடாமல் பத்திரமாக வைத்திருங்கள்.

வழக்கு தோற்றாலும் ஜீவனாம்சம் கிடைக்குமா?

விவாகரத்து கேட்காமலேயே ஜீவனாம்சம் கேட்க முடியும் என்பதை முதலில் தெரிந்துகொள்ள வேண்டும். முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டம் 125-ஆவது பிரிவு என்று சொல்லப்பட்டது, 2024 ஜூலை 1 முதல் பி.என்.எஸ்.எஸ். சட்டத்தின் 144-ஆவது பிரிவாகிவிட்டது. மனைவி, குழந்தைகள், தங்களைப் பராமரித்துக்கொள்ள முடியாத பெற்றோர் இதில் கேட்கலாம்.

போதுமான காரணம் இல்லாமல் கணவரோடு வாழ மறுக்கும் மனைவிக்கு இந்தப் பிரிவில் ஜீவனாம்சம் கிடையாது. ஆனால் 2000-ல் உச்ச நீதிமன்றம் ஒரு முக்கியமான விஷயத்தைச் சொன்னது. 'மனைவி கைவிட்டுப் போனார்' என்ற காரணத்துக்காகக் கணவர் விவாகரத்து வாங்கிவிட்டாலும், அந்தப் பெண் மறுமணம் செய்யாமல், தன்னைக் காப்பாற்றிக்கொள்ள வழியில்லாமல் இருந்தால், விவாகரத்தான பெண் என்ற முறையில் ஜீவனாம்சம் பெறலாம். குழந்தைக்கான செலவோ, அப்பா அம்மா சண்டையில் யார் பக்கம் நியாயம் என்பதைப் பொறுத்தது இல்லை.

2020 நவம்பரில் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்புப்படி, இரு தரப்பும் வருமானம், சொத்து, கடன் விவரத்தை பிரமாணப் பத்திரமாகத் தர வேண்டும். மனு போட்ட தேதியிலிருந்தே ஜீவனாம்சம் கணக்கிடப்படும். அதனால் மனுவைத் தள்ளிப்போடும் ஒவ்வொரு மாதமும் நஷ்டம் கேட்பவருக்குத்தான்.

ஆளே எங்கே இருக்காருன்னு தெரியலைன்னா?

அதற்குத் தனி வழி. உயிரோடு இருந்தால் இயல்பாகத் தகவல் தெரிந்திருக்க வேண்டியவர்களுக்கே 7 ஆண்டுகளாக ஒரு தகவலும் இல்லை என்றால், அதையே காரணமாகக் காட்டி இந்து திருமணச் சட்டத்தில் விவாகரத்து கேட்கலாம். விட்டுவிட்டுத்தான் போனார் என்று நிரூபிக்க முடிந்தால், 7 ஆண்டு காத்திருக்காமல் 2 ஆண்டு கைவிடுதல் அடிப்படையிலும் வழக்கு போடலாம். காணவில்லை என்று காவல் நிலையத்தில் புகார் கொடுத்து ரசீது வாங்கி வைப்பது பின்னாளில் உதவும்.

2 ஆண்டு காத்திருக்காமல் வேறு வழி இருக்கிறதா?

பரஸ்பர சம்மதம்: இருவரும் ஒத்துக்கொண்டால், ஓராண்டு பிரிந்து வாழ்ந்ததும் 13-பி பிரிவில் சேர்ந்து மனு போடலாம். 6 மாத காத்திருப்புக் காலத்தை, தகுதியான வழக்குகளில் நீதிமன்றம் தள்ளுபடி செய்யலாம் என்று 2017-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

கொடுமை: உடல், மன ரீதியான கொடுமை இருந்தால், இந்த 2 ஆண்டு காலக்கெடு அதற்குக் கிடையாது. பல வழக்குகளில் கொடுமை, கைவிடுதல் இரண்டையும் சேர்த்தே மனுவில் எழுதுகிறார்கள்.

சேர்ந்து வாழ உத்தரவு: துணை திரும்ப வர வேண்டும் என்று நினைப்பவர்கள் 9-ஆவது பிரிவில் மனு போடலாம். உத்தரவு வந்து ஓராண்டு ஆகியும் சேர்ந்து வாழவில்லை என்றால், அதுவே விவாகரத்துக்குக் காரணமாகும்.

'இந்த உறவு இனி ஒட்டவே ஒட்டாது' என்பதை மட்டும் காரணமாகக் காட்டி குடும்ப நீதிமன்றத்தில் விவாகரத்து வாங்க முடியாது. அரசியல் சாசனம் 142-ஆவது பிரிவில் உச்ச நீதிமன்றம் மட்டுமே அப்படி வழங்க முடியும் என்பதை 2023 மே 1-ஆம் தேதி அரசியல் சாசன அமர்வு தெளிவுபடுத்தியது.

ஸ்டாம்ப் பேப்பரில் எழுதி வாங்கினால் போதுமா?

"பஞ்சாயத்துல பேசி, இருபது ரூபா பத்திரத்துல கையெழுத்து வாங்கிட்டோம்" என்பது ஊர்ப்பக்கம் இன்றும் நடப்பதுதான். குறிப்பிட்ட சமூகத்தில் வழிவழியாக இருக்கும் வழக்கம் என்று நீதிமன்றத்தில் உறுதியாக நிரூபித்தால் ஒழிய, அந்தப் பத்திரத்தால் திருமணம் முறியாது. அதை நம்பி மறுமணம் செய்தால், பி.என்.எஸ். 82-ஆவது பிரிவில் 7 ஆண்டு வரை சிறைத் தண்டனைக்கு வாய்ப்பு உண்டு. புதிதாக வாழ்க்கைப்பட்டு வரும் பெண்ணுக்கும் மனைவி என்ற சட்ட அந்தஸ்து கிடைக்காது.

நீதிமன்றத் தீர்ப்பு கையில் வந்த மறுநாளே கல்யாணம் வைத்துவிடவும் கூடாது. மேல்முறையீட்டுக்கான காலம் முடிய வேண்டும். மேல்முறையீடு போடப்பட்டிருந்தால் அது தள்ளுபடியாக வேண்டும். அதன் பிறகே மறுமணம்.

வக்கீலுக்குக் கொடுக்கக் காசு இல்லையே?

பெண்களுக்கு, வருமானம் எவ்வளவாக இருந்தாலும், இலவச சட்ட உதவி பெற உரிமை இருக்கிறது. மாவட்ட நீதிமன்ற வளாகங்களில் இயங்கும் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் நேரில் மனு கொடுக்கலாம். ஆண்களும் வருமான வரம்புக்குள் இருந்தால் பெறலாம். சட்ட உதவிக்கான தேசிய எண் 15100. வீட்டில் வன்முறை என்றால் பெண்கள் உதவி எண் 181-ஐ எந்த நேரத்திலும் அழைக்கலாம்.

ஒவ்வொரு வழக்கிலும் தேதிகளும் சூழ்நிலையும் மாறும். மனு போடுவதற்கு முன்பு, எப்போது பிரிந்தீர்கள், ஏன் பிரிந்தீர்கள், திரும்பச் சேர யார் என்ன முயற்சி எடுத்தார்கள் என்ற மூன்றையும் தேதியோடு ஒரு தாளில் எழுதி எடுத்துக்கொண்டு வழக்கறிஞரைப் பாருங்கள். அவர் கேட்கப்போகும் முதல் கேள்விகளே அவைதான்.